ஆயிரத்தைந்நூறு சாட்சிகள்: அரச ரகசியமும் மர்ம நாவலும்

(கொல்கத்தாவில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



அறக்கட்டளைச் சொற்பொழிவு என்றால் கம்பன், இளங்கோ, பாரதி என்றுதான் வழக்கம். அழைப்பிதழில் 'மர்ம நாவல்' என்ற சொல்லைப் பார்த்துச் சிலர் முகம் சுளித்ததாக அமைப்பாளர் சொன்னார். சுளிக்கட்டும். நம்மில் பாதிப் பேர் தமிழ் படிக்கக் கற்றுக்கொண்டதே தொடர்கதைகளைப் பார்த்துத்தான். அதிலும் அரண்மனை, ஒளித்துவைத்த வாரிசு, முத்திரை உடைக்கப்படாத ஓலை என்று வந்துவிட்டால் சோறு ஆறினாலும் பக்கத்தைப் புரட்டாமல் இருக்க மாட்டோம். அந்த வகைக் கதையைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன். அதைப் பேச இந்த ஊரைவிடப் பொருத்தமான ஊர் இந்தியாவில் இல்லை என்பது என் கட்சி.

முதலில் நம் பக்கத்துச் செய்தி ஒன்று. 1930களின் இறுதியில் 'மாயா மச்சீந்திரா' படத்தில் நடிப்பதற்காக ஓர் இளம் நடிகர் கல்கத்தாவுக்கு வந்து தங்கியிருந்தார். எம்.ஜி.ராமச்சந்தர் என்று அப்போது டைட்டிலில் போடுவார்கள். ஓய்வு நேரத்தில் இங்கே ஒரு திரையரங்கில் அவர் பார்த்த ஆங்கிலப் படம் 'இஃப் ஐ வேர் கிங்'. ரொனால்ட் கோல்மன் நடித்தது. 'நான் மன்னனாக இருந்தால்' என்ற அந்த எண்ணம் மனத்தில் தங்கிவிட்டது. இருபது ஆண்டுகள் கழித்து, 1958 ஆகஸ்டில், அது 'நாடோடி மன்னன்' ஆக வெளிவந்தது. அதே கோல்மன் 1937இல் நடித்த இன்னொரு படம் 'தி பிரிசனர் ஆஃப் செண்டா'. அந்தோணி ஹோப் 1894இல் எழுதிய நாவல். முடிசூட்டு விழாவுக்கு முன் மன்னனை மயக்கி வைத்துவிடுகிறார்கள். முகச்சாயல் ஒத்த வழிப்போக்கன் ஒருவன் அவனுக்குப் பதிலாக அரியணையில் அமர்கிறான். இந்தக் கதையும் நாடோடி மன்னனுக்குள் இருக்கிறது. வங்காளிகளும் இதை விடவில்லை. துப்பறிவாளர் பியோம்கேஷ் பக்ஷியைப் படைத்த சரதிந்து பந்தோபாத்யாய் 'ஜிந்தேர் பந்தி' என்று தழுவி எழுதினார். தபன் சின்ஹா அதை 1961இல் படமாக்கினார். உத்தம் குமாருக்கு இரட்டை வேடம். சௌமித்ர சட்டர்ஜி வில்லன். ஆக, மூன்றே ஆண்டு இடைவெளியில் தமிழர்களும் வங்காளிகளும் ஒரே போலி மன்னனுக்குக் கைதட்டியிருக்கிறோம்.

இந்தக் கதையில் ஒரு சௌகரியம் உண்டு. போலி யார் என்பது நமக்கு முதலிலேயே தெரியும். தெரியாதவர்கள் திரையில் இருப்பவர்கள் மட்டும்தான். நாம் ஏமாறவில்லை, ஏமாறுகிறவர்களைப் பார்த்து ரசிக்கிறோம்.

இன்னொரு வகைக் கதை இருக்கிறது. அதில் ரகசியம் ஒரு பொருளாக எங்கோ மறைந்திருக்கும். ஒரு மோதிரம், ஒரு ஓவியம், கல்லறைக்குள் ஒரு பெட்டி. டான் பிரவுனின் 'தி டா வின்சி கோட்' 2003இல் வந்த பிறகு இந்த வகை உலகமெங்கும் பெருகிவிட்டது. நானும் விரும்பிப் படிக்கிறவன்தான். ஆனால் எனக்கு ஒரு குறை. பெட்டி திறந்தால் உண்மை வெளிப்பட்டுவிடும், உலகம் வாயடைத்து நிற்கும் என்று அந்த நாவல்கள் நம்புகின்றன. பெட்டி திறந்த பிறகும் மக்கள் தாங்கள் நம்ப விரும்பியதையே நம்புவார்கள் என்பதற்கு அவற்றில் இடமில்லை. ஜோசபின் டே என்ற ஸ்காட்லாந்து எழுத்தாளர் 1951இலேயே இதைப் புரிந்துகொண்டிருந்தார். 'தி டாட்டர் ஆஃப் டைம்' நாவலில் காலொடிந்து ஆஸ்பத்திரியில் படுத்திருக்கும் போலீஸ் அதிகாரி ஒருவர், மூன்றாம் ரிச்சர்ட் தன் அண்ணன் பிள்ளைகளைக் கொன்றானா என்று படுக்கையிலிருந்தபடியே துப்புத் துலக்குகிறார். துரத்தல் கிடையாது, துப்பாக்கி கிடையாது. அந்தக் குற்றச்சாட்டை நம்பினால் யாருக்கு லாபம் என்ற ஒரே கேள்விதான். இன்று நான் பேசப்போவதெல்லாம் அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டுதான்.

கல்கி அந்தக் கேள்வியை அறிந்திருந்தார். 1950 முதல் 1954 வரை கல்கி இதழில் வந்த 'பொன்னியின் செல்வ'னைப் பலமுறை படித்தவர்கள் இந்த அரங்கில் இருப்பீர்கள். ஆதித்த கரிகாலனைக் கொன்றது யார் என்பதற்கு வரலாற்றில் கிடைக்கும் முக்கியச் சான்று காட்டுமன்னார்கோவில் அனந்தீசுவரர் கோயில் கல்வெட்டு. உடையார்குடிக் கல்வெட்டு என்போம். இராசராசனின் இரண்டாம் ஆட்சியாண்டில் பொறித்தது. சோமன், ரவிதாசன், பரமேசுவரன் என்று பெயர்கள் வருகின்றன. அவர்கள் கரிகாலனைக் கொன்ற துரோகிகள், அவர்களுடைய சொத்தும் உறவினர் சொத்தும் பறிமுதல் என்கிறது. கவனியுங்கள், அது கொலை விசாரணை அறிக்கை கிடையாது. நிலம் கைமாறிய விவரத்தைச் சொல்லும்போது கொலை உள்ளே வந்துவிட்டது. சோழநாட்டின் மிகப் பெரிய அரச ரகசியம் நமக்குக் கிடைத்தது ஒரு பத்திரப் பதிவின் வழியாக! அதை வைத்துக்கொண்டு நீலகண்ட சாஸ்திரி உத்தம சோழன் மீது சந்தேகப்பட்டார். சதாசிவ பண்டாரத்தார் மறுத்தார். கல்கி என்ன செய்தார்? கொலையாளி யார் என்பதைக் கடைசிவரை மூட்டமாகவே விட்டுவிட்டு, வேறொரு ரகசியத்தைத் தூக்கிப் போட்டார். செம்பியன் மாதேவிக்குப் பிறந்த குழந்தை இறந்துவிட்டதாக எண்ணிப் புதைக்கக் கொண்டுபோகிறார்கள். அது உயிரோடிருக்கிறது. பூத்தொடுக்கும் வாணி அம்மையிடம் வளர்ந்து சேந்தன் அமுதனாகித் திரும்புகிறது.

புதைக்கக் கொண்டுபோன பிள்ளை உயிரோடு வந்தது என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கங்கைக்கரையில் இதைவிடப் பெரிய கூத்து நடந்திருக்கிறது.

அதற்குமுன் இந்த நகரத்தின் கணக்கை ஒருமுறை பார்த்துவிடுவோம். 1757இல் சிராஜ் உத் தௌலாவைக் கவிழ்க்க கிளைவும் மீர் ஜாபரும் சதி செய்தபோது நடுவில் நின்ற வணிகர் அமீர்சந்த். ஆங்கிலேயர் ஓமிசந்த் என்று எழுதிவைத்தார்கள். அவர் பெரும் பங்கு கேட்டார். கொடுக்காவிட்டால் சதியை நவாபிடம் சொல்லிவிடுவார் என்ற பயம் இருந்தது. கிளைவ் இரண்டு ஒப்பந்தம் எழுத வைத்தார். வெள்ளைத் தாளில் எழுதியது உண்மையானது, அதில் அமீர்சந்த் பெயரே இல்லை. சிவப்புத் தாளில் எழுதியது அவருக்குக் காட்டுவதற்கு. அட்மிரல் வாட்சன் போலிப் பத்திரத்தில் கையெழுத்திட மறுத்தார். அவருடைய கையெழுத்தை வேறொருவரைக்கொண்டு போட வைத்தார்கள். ஜூன் 23ஆம் தேதி பிளாசி முடிந்தது. முர்ஷிதாபாதில் கணக்குத் தீர்க்க உட்கார்ந்தபோதுதான் சிவப்புத் தாள் வெறும் தந்திரம், உமக்கு ஒன்றும் கிடையாது என்று அமீர்சந்திடம் சொன்னார்கள். மனிதர் மூர்ச்சித்து விழுந்தார் என்று வரலாற்றாசிரியர் ஓர்ம் எழுதுகிறார். பின்னாளில் நாடாளுமன்ற விசாரணையில் கிளைவ் இதற்கு வெட்கப்படவே இல்லை. மறுபடியும் செய்வேன் என்றார். நாவலாசிரியர் ஒருவர் இப்படி ஒரு சிவப்புத் தாளைக் கற்பனை செய்திருந்தால், கொஞ்சம் அதிகமாக இருக்கிறதே என்று பத்திரிகை ஆசிரியர் வெட்டியிருப்பார். ஊரெல்லாம் பேரம் பேசிப் பழகிய வணிகர் எப்படி ஏமாந்தார்? அவர் கேட்டது அப்படியே எழுதியிருந்தது. அவ்வளவுதான்.

அதே காலத்துக் கம்பெனி அதிகாரி ஹால்வெல்லைப் பள்ளிப் புத்தகத்தில் எல்லோரும் படித்திருக்கிறோம். 1756 ஜூன் 20 இரவு, வில்லியம் கோட்டைச் சிறையறையில் 146 பேரை அடைத்து 123 பேர் மூச்சுத்திணறி இறந்தார்கள் என்று அவர் எழுதினார். அந்த எண்ணிக்கையை அக்ஷய் குமார் மைத்ரேய சென்ற நூற்றாண்டுத் தொடக்கத்துக்கு முன்பே கேள்வி கேட்டார். ஜே.எச்.லிட்டில் என்ற ஆங்கிலேயரே 1915 வாக்கில் ஹால்வெல்லின் நேர்மையைச் சந்தேகித்துக் கட்டுரை எழுதினார். அந்த அறையைப் பற்றிய சர்ச்சை இருக்கட்டும். அவருடைய இன்னொரு கைவரிசை அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. மீர் ஜாபரை இறக்கிவிட்டு மீர் காசிமை ஏற்றியபோது, பழைய நவாப் அரச குடும்பத்தினரைக் கூட்டமாகக் கொன்றார் என்று ஹால்வெல் பெயர்ப் பட்டியலோடு எழுதி அனுப்பினார். 1766இல் கிளைவும் கல்கத்தாக் கவுன்சிலும் லண்டனுக்கு எழுதிய கடிதத்தில், அந்தப் பட்டியலில் இருவரைத் தவிர மற்ற எல்லோரும் உயிரோடு இருக்கிறார்கள் என்று தெரிவித்தார்கள். செத்ததாக எழுதப்பட்டவர்கள் சாப்பிட்டுத் தூங்கிக்கொண்டிருந்தார்கள். ஆனால் நவாப் மாறியது மாறியதுதான். ஹால்வெல் பெயரில் கர்சன் 1902இல் மீண்டும் எழுப்பிய நினைவுத்தூணை அகற்றக்கோரி 1940 ஜூலையில் சுபாஷ் சந்திர போஸ் போராட்டம் அறிவித்தார். போராட்டத்துக்கு முந்தைய நாளே கைதானார். தூண் இன்று செயின்ட் ஜான்ஸ் தேவாலய வளாகத்தில் நிற்கிறது. டல்ஹௌசி பக்கம் வேலை பார்ப்பவர்கள் மதிய இடைவேளையில் போய்ப் பார்த்துவிட்டு வரலாம்.

இனி, செத்தவர் திரும்பிவந்த கதைகள். வர்த்தமான் ராஜ குடும்பத்து இளவரசர் பிரதாப்சந்த் 1821இல் கால்னாவில் இறந்ததாகச் சொல்லப்பட்டார். பல ஆண்டுகள் கழித்து ஒரு சாமியார் வந்து நான்தான் பிரதாப்சந்த் என்றார். 1838இல் ஹூக்ளியில் வழக்கு நடந்தது. போலி என்று தீர்ந்தது. பங்கிம் சந்திரரின் அண்ணன் சஞ்சீப் சந்திர சட்டர்ஜி இதை 'ஜால் பிரதாப்சந்த்' என்று புத்தகமாக எழுதினார். வங்காளத்தில் இந்த வகை எழுத்துக்கு அதுதான் பெரியப்பா. நல்ல புத்தகம், ஆனால் நான் அங்கே நிற்கப் போவதில்லை, ஏனென்றால் பாவல் காத்திருக்கிறது.

பாவல் ஜமீன் டாக்கா மாவட்டத்தில் இருந்தது. ஜெய்தேப்பூரில் அரண்மனை, ஏறக்குறைய 5 லட்சம் குடிமக்கள். ராஜேந்திர நாராயண் ராய் 1901இல் இறக்கிறார். மூன்று மகன்கள். இரண்டாமவர் ரமேந்திர நாராயண்; குமார் என்பார்கள். வேட்டையும் யானையும் கேளிக்கையும் தவிர வேறொன்றும் தெரியாதவர். ஆங்கிலம் கற்பிக்க வெள்ளைக்கார வாத்தியாரைக்கூட வைத்துப் பார்த்தார்கள், ஏறவில்லை. மேகநோய் பிடித்து உடம்பு கெட்டது. 1909 ஏப்ரலில் மனைவி பிபாபதி, மைத்துனர் சத்யேந்திரநாத், குடும்ப டாக்டர், வேலைக்காரர்கள் சகிதம் டார்ஜிலிங் போனார். 'ஸ்டெப் அசைட்' என்ற வீட்டில் தங்கினார்கள். பதினாறு ஆண்டுகள் கழித்து தேசபந்து சித்தரஞ்சன் தாஸ் உயிர் நீத்ததும் அதே வீட்டில்தான். மே 8ஆம் தேதி குமார் இறந்துவிட்டார் என்று செய்தி வந்தது. தகனமும் முடிந்தது என்றார்கள். அடுத்த நான்கு ஆண்டுகளில் மூத்தவரும் இளையவரும் போய்விட்டார்கள். மூவருக்கும் பிள்ளையில்லை. ஜமீனை கோர்ட் ஆஃப் வார்ட்ஸ், அதாவது சர்க்கார், எடுத்துக்கொண்டது. பிபாபதி அண்ணனோடு கல்கத்தா வந்து லான்ஸ்டவுன் சாலையில் குடியேறினார். இன்றைக்கு அது சரத் போஸ் சாலை. லேக் மார்க்கெட்டுக்குக் காய்கறி வாங்கப் போகும் நம்மவர்கள் நாள்தோறும் கடக்கும் சாலை.

1920 டிசம்பர், 1921 ஜனவரி வாக்கில் டாக்காவில் பூரிகங்கைக் கரையில், பக்லண்ட் பண்டு என்னும் கரையோர நடைபாதையில், உடம்பெல்லாம் விபூதியும் சடைமுடியுமாக ஒரு சந்நியாசி வந்து உட்கார்ந்தார். பேச்சு இந்தி. பார்த்தவர்கள் பாவல் குமார் சாயலாக இருக்கிறாரே என்று முணுமுணுத்தார்கள். ஜெய்தேப்பூருக்கு அழைத்துப் போனார்கள். அக்கா ஜோதிர்மயி தேவி உற்றுப் பார்த்தார். அதே பூனைக்கண், அதே காது, அதே பாதத்துச் சொரசொரப்பு. 1921 மே 4ஆம் தேதி கூட்டத்தின் நடுவே அவரிடம் பெயர் கேட்டார்கள். ரமேந்திர நாராயண் ராய் என்றார். அப்பா பெயர் சொன்னார். யாரோ ஒருவர், அப்பா பெயர் ஊருக்கே தெரியும், உனக்குப் பாலூட்டிய செவிலி பேர் என்ன சொல் என்றார். 'அலகா' என்றார் சந்நியாசி. கூட்டம் ஆர்ப்பரித்தது.

அங்கேயே கொஞ்சம் நில்லுங்கள். நாவலாசிரியர் எழுதினால் அரண்மனைச் சுரங்கமோ, தாத்தாவின் ரகசிய எழுத்தோ வரும். இங்கே வந்தது ஒரு வேலைக்காரப் பெண்ணின் பெயர். அதை ஒருவர் கற்றுக்கொண்டு வந்திருக்க முடியாதா? முடியும். பின்னால் நடந்த வழக்கில் பிரதிவாதிகளான பிபாபதி தரப்பும் அதைத்தான் சொன்னது. ஆனால் அந்தக் கூட்டத்தில் நின்ற குடியானவர்களுக்குக் கேள்வியே வேறு. சர்க்கார் அதிகாரிக்கு வரி கட்டுவதா, நம் ராஜாவுக்குக் கட்டுவதா? நாடெங்கும் ஒத்துழையாமை இயக்கம் கொதித்துக்கொண்டிருந்த ஆண்டு அது. மே 15ஆம் தேதி ஜெய்தேப்பூரில் பெருங்கூட்டம் கூடியது. சந்நியாசியின் காலடியில் நஜராணா என்னும் காணிக்கை குவியத் தொடங்கியது. டாக்கா கலெக்டர் லிண்ட்சே சந்நியாசியை அழைத்து விசாரித்தார். ஜூன் 3ஆம் தேதி அறிவிப்பு ஒன்று ஊரெங்கும் போனது: இவர் போலி, இவரிடம் வரி கட்டுகிறவர்கள் தங்கள் சொந்தப் பொறுப்பில் கட்டட்டும். ஓரிடத்தில் கலவரமாகித் துப்பாக்கிச் சூட்டில் ஒருவர் இறந்தார். ஆள் யார் என்ற விசாரணை தொடங்கு முன்பே உயிர் ஒன்று போய்விட்டது.

சந்நியாசி தொடுத்த வழக்கு டாக்காவில் 1930 ஏப்ரல் 24ஆம் தேதி தாக்கலானது. விசாரணை 1933 நவம்பரில் தொடங்கியது. நீதிபதி பன்னாலால் பாசு. வாதி தரப்பில் 1069 பேர், பிரதிவாதி தரப்பில் 479 பேர், ஆக 1548 சாட்சிகள். குடியானவர், வேலைக்காரர், உறவுக்காரர், டாக்டர், சாமியார், போட்டோகிராபர். முகத்தை ஒப்பிட்டுச் சொல்ல ஓவியர்களையும் ஏற்றினார்கள்: ஒரு பக்கம் ஜே.பி.கங்குலி, எதிர்ப்பக்கம் இந்தியக் கட்டடக்கலை பற்றி எழுதிய பெர்சி பிரவுன். ஒரே முகத்தின் இரண்டு போட்டோக்கள்தான். ஒருவருக்கு ஒரே ஆள், மற்றவருக்கு வேறு ஆள்.

வாதி சொன்ன கதை இது: மயங்கிக் கிடந்த தன்னை இரவில் சுடுகாட்டுக்குத் தூக்கிப் போனார்கள். மழை கொட்டியது. தூக்கி வந்தவர்கள் ஒதுங்க ஓடினார்கள். அந்த வழி வந்த நாகா சந்நியாசிகள் முனகல் கேட்டு எடுத்துப்போய்க் காப்பாற்றினார்கள். நினைவு தப்பிப் பன்னிரண்டு ஆண்டு அவர்களோடு அலைந்தேன். பிரதிவாதிகள் சொன்னது: குமார் இறந்தது நள்ளிரவு, தகனம் மறுநாள் காலை, பட்டப்பகலில். இவன் பஞ்சாபிலிருந்து வந்த விவசாயி. ஆகவே எத்தனை மணிக்கு உயிர் போனது, அன்றிரவு டார்ஜிலிங்கில் மழை பெய்ததா என்பதே பெரும் வழக்கானது. இருபத்தைந்து ஆண்டு பழைய மழையை நீதிமன்றத்தில் மறுபடி பெய்ய வைத்தார்கள்.

எனக்கு மிகவும் பிடித்த பகுதி குறுக்கு விசாரணை. பிரதிவாதிகளின் வக்கீல் ஏ.என்.சௌத்ரி, உண்மையான குமார் நாகரிகமான ஆள், ஆங்கிலம் தெரிந்தவர், ஆங்கில விளையாட்டும் உடையும் அத்துப்படி என்று ஒரு படத்தை வரைந்தார். குமார் எழுதியதாகக் கடிதங்களையும் காட்டினார்கள். பிறகு வாதியைக் கூண்டில் நிறுத்தி அந்த ஆங்கில விளையாட்டுகளைப் பற்றியும் உடைகளைப் பற்றியும் கேள்வி மேல் கேள்வி. மனிதர் ஒன்றும் தெரியாமல் விழித்தார். போலி மாட்டிக்கொண்டான் என்று பிரதிவாதிகளுக்கு நிம்மதி. ஆனால் நீதிபதி வேறு திசையில் யோசித்தார். சாட்சிகளை அலசியபோது உண்மையான குமார் கிட்டத்தட்ட எழுதப் படிக்கத் தெரியாதவர் என்று வெளிப்பட்டது. அந்தக் கடிதங்கள் பின்னால் தயாரிக்கப்பட்டவை என்று முடிவு கட்டினார். அப்புறம் என்ன? குமாருக்குத் தெரியாதது வாதிக்கும் தெரியவில்லை. ஒரு போலி வந்திருந்தால் எதிராளி வரைந்த குமாரைப் போலத் தயாராகி வந்திருப்பான். இவர் தயாராகாமல் வந்தார்.

போலி மன்னன் கதை எழுதும் நம் எழுத்தாளர்கள் கதாநாயகனுக்கு வாள்வீச்சு, அரசவை மரியாதை, ராணியின் பிறந்தநாள் எல்லாவற்றையும் ஓரிரவில் கற்றுக்கொடுக்கிறார்கள். பாவல் சாமியார் வென்றது தன் அறியாமையால். இதை எந்த நாவலிலும் நான் படித்ததில்லை. எழுதினால் எடுபடுமா என்றும் தெரியாது, ஏனென்றால் வாசகருக்குக் கெட்டிக்காரன் ஜெயித்தால்தான் திருப்தி.

1936 ஆகஸ்ட் 24ஆம் தேதி பன்னாலால் பாசு 532 பக்கத் தீர்ப்பு எழுதினார். கணுக்காலில் வண்டிச்சக்கரம் ஏறிய தழும்பு, காலணி அளவு ஆறு, உடைந்த பல் என்று ஒவ்வோர் அடையாளமாக ஒப்பிட்டு, இவர்தான் குமார் என்றார். பிரதிவாதிகள் கல்கத்தா உயர் நீதிமன்றத்துக்கு வந்தார்கள். கோஸ்டெல்லோ, சாரு சந்திர பிஸ்வாஸ், லாட்ஜ் என்று மூவர் அமர்வு. 1938 நவம்பரிலிருந்து 1939 ஆகஸ்டு வரை வாதம். அதற்குப் பிறகு நடந்ததை நாவலில் வைத்தால் நம்பமாட்டீர்கள். கோஸ்டெல்லோ விடுமுறைக்கு இங்கிலாந்து போனார், உலகப்போர் மூண்டது, திரும்ப முடியவில்லை. தன் தீர்ப்பை அங்கிருந்தே எழுதியனுப்பினார். அதை பிஸ்வாஸ் நீதிமன்றத்தில் வாசித்தார். ஊரில் இல்லாத நீதிபதியின் எழுத்து தீர்ப்பாகுமா என்று அதற்கும் வாதம் நடந்தது. 1940இல் இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் வாதி ஜெயித்தார். லாட்ஜ் மட்டும் எதிர்த்தார்.

இந்த வழக்கை ஆராய்ந்து பார்த்தா சட்டர்ஜி 2002இல் ஒரு புத்தகம் எழுதினார். தலைப்பின் கடைசியில் கேள்விக்குறி வைத்திருக்கிறார். அந்தக் கேள்விக்குறிக்காகவே அதை வாங்கலாம். இந்திய நீதிபதிகள் தேசிய உணர்வால் வாதியின் பக்கம் சாய்ந்திருக்கலாம் என்பது அவர் எழுப்பும் கேள்விகளில் ஒன்று. அப்படியானால் வெள்ளைக்கார கோஸ்டெல்லோ? அவரை வைத்துப் பார்த்தால் கணக்கு அவ்வளவு சுலபமாக விழவில்லை. சினிமாவுக்கு இந்த அவஸ்தையெல்லாம் கிடையாது. 1975இல் 'சந்நியாசி ராஜா'வில் உத்தம் குமார் சடைமுடியோடு வந்தபோது, அவர் போலியாக இருக்கக்கூடும் என்று எந்த ரசிகர் நினைத்திருப்பார்? 2018இல் ஸ்ரீஜித் முகர்ஜி 'ஏக் ஜே சிலோ ராஜா' எடுத்தார். தேசிய விருது பெற்ற படம். முந்தையதைவிடக் கவனமாக எடுத்தது. அதிலும் நம் மனம் சாமியார் பக்கமே போகிறது. வாதியை நம்பினால்தான் டிக்கெட் விற்கும்.

நம்புவதில் கிடைக்கும் சுகத்தைப் பற்றிச் சொல்லும்போது நம் காலத்துச் சங்கதி ஒன்று. அயோத்தி நவாப் வாஜித் அலி ஷாவை ஆங்கிலேயர் 1856இல் நாட்டைப் பிடுங்கி இங்கே அனுப்பினார்கள். 1887இல் இறக்கும்வரை மெட்டியாபுரூஸில் இன்னொரு லக்னோவைக் கட்டிக்கொண்டு வாழ்ந்தார். அவருடைய வாரிசு என்று சொல்லிக்கொண்டு விலாயத் என்ற பெண்மணி 1970களில் புது டெல்லி ரயில் நிலையக் காத்திருப்பு அறையில் மகன், மகள், நாய்களோடு ஆண்டுக்கணக்கில் உட்கார்ந்தார். கடைசியில் அரசாங்கமே 1985இல் காட்டுக்குள் இடிந்துகிடந்த மால்ச்சா மகாலை ஒதுக்கியது. வெளிநாட்டுப் பத்திரிகையாளர்கள் வரிசைகட்டிப் பேட்டி எடுத்தார்கள். கல்கத்தாவில் வாழும் நவாபின் உண்மையான வம்சத்தார் ஆரம்பத்திலிருந்தே இது பொய் என்று சொன்னார்கள். யார் காதில் விழுந்தது? 2019 நவம்பரில் நியூயார்க் டைம்ஸ் நிருபர் எலன் பாரி தேடிப்போய், அந்தக் குடும்பம் சாதாரண குடும்பம், விலாயத்தின் கணவர் லக்னோ பல்கலைக்கழகப் பதிவாளராக இருந்தவர் என்று கண்டுபிடித்து எழுதினார். காட்டில் வாழும் கடைசி இளவரசனைக் காண விரும்பியவர்களுக்கு மெட்டியாபுரூஸில் வாடகை வீட்டிலோ சொந்த வீட்டிலோ பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பிக்கொண்டிருந்த உண்மை வாரிசுகள் சுவாரசியமாகப் படவில்லை.

பாவல் வழக்கை முடித்துவிடுகிறேன். பிபாபதி கடைசிவரை ஒத்துக்கொள்ளவில்லை. அந்த மனிதர் தன் கணவர் இல்லை என்று சாட்சிக்கூண்டில் உறுதியாகச் சொன்னார். லண்டன் பிரிவி கவுன்சிலுக்கு மேல்முறையீடு செய்தார். அதைக் கேட்ட மூவரில் ஒருவர் நம் சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்த சர் மாதவன் நாயர்; சேற்றூர் சங்கரன் நாயரின் மருமகன். 1946 ஜூலை 30ஆம் தேதி தீர்ப்பு வந்தது. மேல்முறையீடு தள்ளுபடி. செய்தி கேட்டுக் காளி கோவிலுக்கு வழிபடப் போன வாதி பக்கவாதம் வந்து விழுந்தார். சில நாளில் உயிர் போனது. ஆகஸ்ட் 13ஆம் தேதி ஈமச்சடங்கு. மூன்று நாள் கழித்து, 16ஆம் தேதி, மதக் கலவரத்தில் கல்கத்தாவே ரத்தத்தில் குளித்தது; பாவல் குமாரைப் பற்றிப் பேச ஊரில் ஆளில்லை. அடுத்த ஆண்டு டாக்கா வேறு நாடாகிவிட்டது.

இந்த இடத்தில்தான் மர்ம நாவல் வாசகர்கள் ஏமாறுவார்கள். லார்ட் தாங்கர்ட்டன் எழுதிய பிரிவி கவுன்சில் தீர்ப்பைச் சட்டம் படித்த எல்லோரும் இன்றும் மேற்கோள் காட்டுகிறார்கள். எதற்கு? இறந்தவர் திரும்பினாரா என்பதற்கு இல்லை. கீழமை நீதிமன்றம், உயர் நீதிமன்றம் என இரண்டும் நடந்த சம்பவம் பற்றி ஒரே முடிவுக்கு வந்துவிட்டால், மூன்றாம் முறையாக அதை நாங்கள் கிளறமாட்டோம் என்ற நடைமுறை விதியை வகுத்துச் சொன்னதற்காக. ஆயிரத்தைந்நூறு சாட்சிகள் சொன்னதை பேரரசின் உச்ச நீதிமன்றம் புதிதாக எடைபோடவில்லை. இரண்டு நீதிமன்றங்கள் ஒத்துப்போனதா என்று பார்த்தது. ஒத்துப்போயிருந்தது. லாட்ஜின் மறுப்பு அந்த ஒற்றுமையைக் குலைக்கவில்லை என்று விட்டுவிட்டது.

தமிழில் யாராவது இந்தக் கதையை நாவலாக எழுத முன்வந்தால் ஒன்று சொல்வேன். ஜோதிர்மயியிடமிருந்து தொடங்காதீர்கள், சாமியாரிடமிருந்தும் வேண்டாம். லாட்ஜிலிருந்து தொடங்குங்கள். எல்லோரும் நம்பத் துடித்த ஒன்றை, இத்தனை சாட்சிகளையும் படித்துவிட்டு, எனக்கு நிரூபணம் போதவில்லை என்று எழுதிய ஒரே மனிதர். அவர் சொன்னது சரியா தவறா என்பதைக் கடைசிப் பக்கம்வரை சொல்லாமல் எழுத முடியுமானால், அந்த நாவலை நானே நாலு பிரதி வாங்கி லேக் மார்க்கெட்டில் கொடுப்பேன்.